நோய்க் கணக்கு எடுத்த தாய்

(ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடியிருந்த கூட்டத்தில் ஆற்றிய பேச்சின் எழுத்து வடிவம்)

சிக்காகோ என்ற பெயரைக் கேட்டிராத தொழிலாளி நம்மிடையே இருக்க முடியாது. ஒவ்வொரு மே முதல் தேதியும் அந்தப் பெயர் நம் கூட்டங்களில் ஒலிக்கிறது. எட்டு மணி நேர வேலை கேட்டு 1886-ம் ஆண்டில் அந்நகரத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்ததையும், ஹேமார்க்கெட் சதுக்கத்தில் குண்டு வெடித்ததையும், எறிந்தவன் யார் என்று நிரூபிக்காமலே எட்டுப் பேரைக் குற்றவாளிகளாக்கி, 1887 நவம்பர் 11-ம் தேதி நால்வரைத் தூக்கிலிட்டதையும் நாம் அறிவோம்.

அதற்குப் பிறகு நடந்த ஒரு சங்கதி நம்மில் பலருக்குத் தெரியாது. அந்த எட்டுப் பேரில் சிறையில் மிஞ்சியிருந்த மூவரை 1893-ம் ஆண்டில் விடுதலை செய்தவர் இல்லினாய்ஸ் மாகாணத்தின் கவர்னர். ஜான் பீட்டர் ஆல்ட்கெல்ட் என்பது அவர் பெயர். நடந்த விசாரணையே நியாயமாக நடக்கவில்லை என்று பகிரங்கமாக எழுதிக் கையெழுத்திட்டார். செல்வர்களின் பத்திரிகைகள் அவரை ஏசித் தீர்த்தன. 1896-ம் ஆண்டுத் தேர்தலில் அவர் தோற்றார்.

அந்தக் கவர்னரின் பெயரில் அதே சிக்காகோவின் தென்கோடியில் ஒரு குடியிருப்பு இருக்கிறது. ஆல்ட்கெல்ட் கார்டன்ஸ் என்று பெயர். கார்டன் என்றால் தோட்டம். பெயரில்தான் தோட்டம். அதைச் சுற்றி இருந்ததெல்லாம் குப்பை மேடு, சாக்கடை, புகைபோக்கி. நியாயத்துக்காகப் பதவி இழந்த ஒருவரின் பெயரைத் தாங்கிய அந்த இடத்தில், ஏழை ஜனங்களுக்கு நல்ல காற்றுக்கூட நியாயமாகக் கிடைக்கவில்லை. அதைக் கேட்டுப் போராடிய ஒரு தாயைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம். அவர் பெயர் ஹேஸல் ஜான்ஸன்.

எந்த மண்ணில் கட்டினார்கள்?

முதலில் அந்த மண்ணின் வரலாற்றைப் பார்ப்போம்.

ரயில்களில் படுத்துறங்கும் வசதியுள்ள சொகுசுப் பெட்டிகளைச் செய்து பெரும் பணம் சேர்த்தவர் ஜார்ஜ் புல்மன். சிக்காகோவுக்குத் தெற்கே தம் பெயரிலேயே ஓர் ஊரைக் கட்டினார். தொழிற்சாலையும் அவருடையது, தொழிலாளி குடியிருந்த வீடும் அவருடையது. மந்தம் வந்தபோது கூலியைக் குறைத்தார். வீட்டு வாடகையை மட்டும் குறைக்கவில்லை. 1894-ம் ஆண்டில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். ஜனாதிபதி பட்டாளத்தை அனுப்பி அதை நசுக்கினார். என் மாகாணத்துக்குள் நான் கேளாமல் பட்டாளம் ஏன் வந்தது என்று எதிர்த்துக் கேட்டவரும் அதே ஆல்ட்கெல்ட்தான்.

அந்தப் புல்மன் ஊரின் சாக்கடை நீர் எங்கே போயிற்று? குழாய் வழியாகத் தெற்கே தள்ளி, அங்கிருந்த நிலத்தில் பாய்ச்சினார்கள். பின்னால் அந்த வட்டாரமே நகரத்தின் கழிவைக் கொட்டும் இடமாயிற்று. 1922-ம் ஆண்டில் நகரத்தின் பெரிய சாக்கடைச் சுத்திகரிப்பு நிலையம் ஒன்றும் அங்கே வந்தது.

இரண்டாவது உலக யுத்தம் வந்தது. யுத்தத் தொழிற்சாலைகளுக்குக் கை வேண்டியிருந்தது. தெற்கு மாகாணங்களிலிருந்து கறுப்பின மக்கள் ஆயிரக்கணக்கில் சிக்காகோவுக்கு வந்தார்கள். அவர்களுக்கு வீடு எங்கே? நகரத்தின் பல பகுதிகளில் வீட்டுப் பத்திரத்திலேயே 'இதைக் கறுப்பர்களுக்கு விற்கக் கூடாது, வாடகைக்கும் விடக் கூடாது' என்று எழுதி வைத்திருந்த காலம் அது. அப்படிப்பட்ட ஷரத்தைக் கோர்ட்டுகள் அமல் நடத்தக் கூடாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொன்னதே 1948-ம் ஆண்டில்தான். ஆகவே யாருக்கும் வேண்டாத அந்தச் சாக்கடை மண்ணைத் தேர்ந்தெடுத்து, 1944-45-ல் கறுப்பினத் தொழிலாளர்களுக்கும் யுத்தத்திலிருந்து திரும்பிய கறுப்பினச் சிப்பாய்களுக்கும் வரிசை வரிசையாக வீடுகள் கட்டினார்கள். யுத்தத்தில் உயிரைக் கொடுக்கத் துணிந்தவனுக்கு நாடு கொடுத்த மனை அது!

இதை நாம் மறக்கக் கூடாது. அங்கே குடியிருந்தவர்கள் புகையைத் தேடிப் போனவர்கள் அல்ல. வேறெங்கும் கதவு திறக்காதபோது, திறந்திருந்த ஒரே கதவுக்குள் போனவர்கள்.

ஏழு பிள்ளைகளின் தாய்

ஹேஸல் அம்மாள் 1935-ம் ஆண்டில் தெற்கே நியூ ஆர்லியன்ஸ் நகரத்தில் பிறந்தவர். சிறு வயதிலேயே தாய் தந்தையை இழந்தவர். கல்யாணமான பிறகு கணவரோடு சிக்காகோவுக்கு வந்தார். 1962-ம் ஆண்டில் ஆல்ட்கெல்ட் கார்டன்ஸில் குடியேறினார்கள். ஏழு பிள்ளைகள். வாடகை கட்டுப்படியாகும், பிள்ளைகள் ஓடியாட இடமும் உண்டு. ஏழைக் குடும்பம் வேறென்ன கேட்கும்?

ஏழு வருஷம் கழிந்தது. 1969-ம் ஆண்டில் கணவர் இறந்தார். நுரையீரல் புற்றுநோய். வயது 41. ஏழு பிள்ளைகளோடு அந்தத் தாய் தனியே நின்றார்.

வீட்டில் ஒருவர் இப்படி இறந்தால் ஏழை ஜனங்கள் என்ன சொல்கிறார்கள்? 'விதி' என்கிறார்கள். 'அவருக்கு ஆயுசு அவ்வளவுதான்' என்கிறார்கள். ஹேஸல் அம்மாளும் பல வருஷங்கள் துக்கத்தை மனத்துக்குள் வைத்துக்கொண்டு பிள்ளைகளை வளர்த்தார். பிள்ளைகளுக்குத் தோல் அரிப்பு; மூச்சுத் திணறல். பக்கத்து வீடுகளிலும் அதே கதை. குழந்தைகளுக்குக்கூடப் புற்றுநோய் வந்தது.

1970-களின் கடைசியில் ஒரு நாள் தொலைக்காட்சியில் ஒரு செய்தி சொன்னார்கள். சிக்காகோவின் தென்கிழக்குப் பகுதியில்தான் புற்றுநோய் அதிகம் என்றது அந்தச் செய்தி. அந்தத் தாய் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஒரு வீட்டில் ஒருவர் செத்தால் விதி என்று சொல்லலாம். தெருத்தெருவாகச் செத்தால், விதி என்ன, விலாசம் பார்த்தா வருகிறது?

வீடு வீடாகக் கணக்கு

இங்கேதான் அவருடைய வேலை ஆரம்பமாகிறது. அவர் டாக்டர் அல்ல. ரசாயனம் படித்தவர் அல்ல. சர்க்கார் வீட்டில் வாடகைக்குக் குடியிருக்கும் ஒரு விதவை. ஆனால் ஒன்று செய்தார். சுகாதார இலாகாக்களுக்குப் போன் மேல் போன் போட்டார். படிவங்களை எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போனார். உங்கள் வீட்டில் யாருக்கு என்ன நோய்? எத்தனை நாளாக? குழந்தைக்கு இருமல் உண்டா? கண் எரிகிறதா? ஒவ்வொன்றையும் கேட்டு எழுதி வாங்கினார். அந்தக் கணக்கை எடுத்துக்கொண்டு அதிகாரிகளிடம் போனார்.

1979-ம் ஆண்டில் குடியிருப்பு ஜனங்களைச் சேர்த்து ஒரு சங்கம் அமைத்தார். 'சமூக மீட்புக்கான மக்கள்' என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். 1982-ல் அது முறைப்படி பதிவாயிற்று. ஆரம்பத்தில் அது கேட்டது ஒழுகும் கூரைக்கும் உடைந்த குழாய்க்கும் ரிப்பேர்தான். வீட்டுக்குள் ஒழுகும் குழாயைக் கேட்கப் போனவர்கள், வீட்டுக்கு வெளியே ஒழுகும் விஷத்தைக் கண்டார்கள்.

தங்களைச் சுற்றி என்னென்ன இருக்கின்றன என்று அந்தச் சங்கம் ஒரு கணக்கு எடுத்தது. குப்பைப் புதைப்பு நிலங்கள் 50. தொழிற்கூடங்கள் 382. உருக்காலைகள், வர்ணம் காய்ச்சும் ஆலை, ரசாயனக் கழிவை எரிக்கும் உலை, சாக்கடைச் சேற்றை உலர்த்தும் களம், இவற்றுக்கெல்லாம் நடுவே சுமார் 2,000 வீடுகள்.

அமெரிக்காவில் டோநட் என்று ஒரு தின்பண்டம் உண்டு. நம் உளுந்து வடையைப் போல நடுவில் ஓட்டை இருக்கும். ஹேஸல் அம்மாள் தம் குடியிருப்பை 'நச்சு டோநட்' என்றார். சுற்றிலும் விஷம், நடு ஓட்டையில் நாங்கள் என்றார். ஒரு பண்டிதர் நூறு பக்கத்தில் எழுத வேண்டியதை அந்தத் தாய் ஒரு வடையில் சொல்லிவிட்டார். வெளியூரிலிருந்து வந்த நிருபர்களையும் மாணவர்களையும் அதிகாரிகளையும் வண்டியில் ஏற்றி, இதோ பாருங்கள் என்று குப்பை மேடு குப்பை மேடாகச் சுற்றிக் காட்டினார்.

குடிதண்ணீரும் கல்நாரும்

கணக்கு எடுத்ததோடு நின்றிருந்தால் அந்தக் காகிதம் ஏதோ ஒரு மேஜையில் தூங்கியிருக்கும். அது தூங்காமல் பார்த்துக்கொண்டது ஜனங்களின் ஒற்றுமை.

ஆல்ட்கெல்டுக்குப் பக்கத்தில் மேரிலாண்ட் மேனர் என்று ஒரு சிறு குடியிருப்பு. அமெரிக்காவின் மிகப் பெரிய நகரங்களில் ஒன்றின் எல்லைக்குள், 1980-களிலும், அந்த ஜனங்களுக்கு நகரசபைக் குடிதண்ணீர் கிடையாது. கிணற்று நீரைத்தான் குடித்தார்கள். ஹேஸல் அம்மாளும் மற்றவர்களும் வற்புறுத்தி அந்த நீரைப் பரிசோதிக்க வைத்தபோது, அதில் சயனைடு உள்ளிட்ட விஷப் பொருள்கள் இருந்தன. அதன் பிறகுதான் நகரசபை குழாய் போட்டது. அவர்கள் வரி கட்டாத ஜனங்களா? இல்லை. கேட்கும்வரை கொடுக்க வேண்டியதில்லை என்று வைத்திருந்தார்கள், அவ்வளவுதான்.

அடுத்தது கல்நார். ஆஸ்பெஸ்டாஸ் என்று நாம் சொல்லும் பொருள். ஆல்ட்கெல்ட் வீடுகளில் சூட்டைக் காப்பதற்காக அது பயன்பட்டிருந்தது. பழசாகி உதிர்ந்தால் கண்ணுக்குத் தெரியாத நாராகக் காற்றில் மிதக்கும். மூச்சோடு உள்ளே போனால் நுரையீரலில் தங்கிவிடும். இருபது, முப்பது வருஷம் கழித்துப் புற்றுநோயாக வெளியே வரும். பஞ்சுத் தூசியில் வேலை செய்யும் நம் தோழர்களுக்கு, தூசி எப்படி மெல்ல ஆளைத் தின்னும் என்று யாரும் விளக்க வேண்டியதில்லை. 1986-ல் அந்தக் கல்நாரை அகற்றக் கோரி ஆல்ட்கெல்ட் ஜனங்கள், முன்னணியில் பெண்கள், வீட்டு வசதி அதிகாரிகளிடம் திரண்டு போனார்கள். அந்தக் கிளர்ச்சியில் உடன் வேலை செய்த இளைஞர் ஒருவர் பின்னால் 2009-ல் அமெரிக்க ஜனாதிபதியானார். பராக் ஒபாமாதான் அவர். அவர் பெயர் உலகத்துக்குத் தெரியும். அந்தக் குடியிருப்புப் பெண்களின் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்?

1987-ம் ஆண்டில் கழிவு எரிப்பை எதிர்த்துப் பாதையை மறித்தார்கள். கழிவு ஏற்றி வந்த லாரிகள் ஐம்பதுக்கு மேல் திரும்பிப் போயின. போலீஸ் வந்தது, கைதும் நடந்தது. படிவத்தில் தொடங்கிய கணக்கு, பாதை மறியல் வரை வந்துவிட்டது.

வேலையா, மூச்சா?

ஆலைத் தொழிலாளர்கள் மனத்தில் எழும் ஒரு கேள்வியை நாம் ஒளிக்காமல் பேச வேண்டும். 'புகை வேண்டாம் என்றால் ஆலை போய்விடும். ஆலை போனால் சோறு போய்விடும். சோற்றுக்கு என்ன வழி?' இது நியாயமான கேள்வி. வயிற்றிலிருந்து வரும் கேள்வி.

அந்தத் தென்கிழக்குச் சிக்காகோவே இதற்குப் பதில் சொல்கிறது. அங்கே விஸ்கான்ஸின் ஸ்டீல் என்று ஒரு பெரிய உருக்காலை. 1980 மார்ச் மாதம் அது திடீரென்று கதவடைத்தது. சுமார் 3,400 தொழிலாளர்கள் தெருவுக்கு வந்தார்கள். அவர்களுக்குக் கொடுத்த கடைசிச் சம்பளச் செக்குகூடப் பாங்கியில் பணமில்லாமல் திரும்பி வந்தது! ஒரு காலத்தில் ஏறக்குறைய 20,000 பேர் வேலை செய்த சவுத் ஒர்க்ஸ் உருக்காலையும் 1992-ல் மூடப்பட்டது. இவற்றை மூடியது யார்? ஹேஸல் அம்மாளின் படிவங்களா? இல்லை. லாபக் கணக்கு. லாபம் குறைந்ததும் முதலாளிகள் எழுந்து போனார்கள். வேலை போயிற்று. மண்ணில் இறங்கிய விஷம் மட்டும் போகவில்லை.

பாருங்கள்! ஆலை ஓடிய நாளில் தொழிலாளி கூலிக்காகப் புகையைப் பொறுத்தான். ஆலை நின்ற பிறகு கூலி இல்லை. நோய் மட்டும் மிச்சம். வேலையா மூச்சா என்று கேட்டவர்கள் கடைசியில் இரண்டையும் பறித்துக்கொண்டார்கள். அதனால்தான் அந்தச் சங்கம் இரண்டையும் சேர்த்துக் கேட்டது. விஷத்தை அகற்று, அதை அகற்றும் வேலைக்கு எங்கள் ஜனங்களுக்கே பயிற்சி கொடு, கூலி கொடு என்றது. நல்ல காற்றும் வேண்டும், வேலையும் வேண்டும். இந்தக் கோரிக்கையில் என்ன தவறு?

பத்துக் கடன்காரர்களின் கணக்கு

சட்டம் இல்லையா என்று கேட்கலாம். இருந்தது. காற்றுக்கும் தண்ணீருக்கும் 1970-களிலேயே அமெரிக்காவில் சட்டங்கள் வந்துவிட்டன. அப்படியிருந்தும் ஆல்ட்கெல்ட் ஏன் மூச்சுத் திணறியது?

ஒரு விவசாயத் தொழிலாளி பத்துப் பேரிடம் கடன்பட்டிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு கடன்காரரும், 'நான் வாங்குவது நியாய வட்டிதான்' என்று கணக்குக் காட்டுகிறார். தனித்தனியே பார்த்தால் சரி. பத்து வட்டியும் கட்டிய பிறகு வீட்டில் உலை வைக்க அரிசி இல்லை. இப்படித்தான் அந்தச் சட்டமும். ஒவ்வொரு புகைபோக்கிக்கும் ஒவ்வொரு குப்பைக் கிடங்குக்கும் தனித்தனியே அளவு வைத்து, தனித்தனியே அனுமதி கொடுத்தார்கள். காகிதத்தில் ஒவ்வொன்றும் அளவுக்குள் இருந்தது. ஆனால் புகைபோக்கி பல. குழந்தையின் நுரையீரல் ஒன்றுதானே? மொத்தக் கணக்கைப் பார் என்று அந்தத் தாய் கேட்டார். இந்தக் கோரிக்கையைச் சட்டமாக்க அவர் பெயரிலேயே ஒரு மசோதா 2025 ஏப்ரலில் சிக்காகோ நகரசபை முன் வைக்கப்பட்டது.

ஓர் உத்தரவின் கதை

ஆல்ட்கெல்ட் தனியே இல்லை. 1982-ல் வட கரோலினா மாகாணத்தில் வாரன் என்ற ஏழைக் கறுப்பின மக்கள் வட்டாரத்தில் விஷ மண்ணைப் புதைக்க வந்தபோது, ஜனங்கள் லாரிகளுக்கு முன்னால் படுத்து மறித்தார்கள். ஐந்நூறுக்கு மேற்பட்டவர்கள் கைதானார்கள். 1987-ல் ஒரு கிறிஸ்தவ சபை நாடு முழுவதும் ஆய்வு நடத்தி, விஷக் கழிவுக் கிடங்கு எங்கே வரும் என்பதை எல்லாவற்றையும்விட அதிகமாகக் காட்டுவது அங்கே வாழும் ஜனங்களின் நிறம் என்று அறிவித்தது. 1991 அக்டோபரில் இப்படிப் போராடிய ஜனங்கள் வாஷிங்டனில் மாநாடு கூடி 17 கோட்பாடுகளை வகுத்தார்கள். ஹேஸல் அம்மாளைச் சுற்றுச்சூழல் நீதி இயக்கத்தின் தாய் என்று அங்கே போற்றினார்கள்.

1994 பிப்ரவரி 11-ம் தேதி ஜனாதிபதி கிளிண்டன் ஓர் உத்தரவில் கையெழுத்திட்டார். ஏழைகள் மீதும் சிறுபான்மை மக்கள் மீதும் விஷச் சுமை அதிகமாக விழுகிறதா என்று சர்க்கார் இலாகாக்கள் பார்த்தாக வேண்டும் என்பது அந்த உத்தரவு. கையெழுத்திட்ட இடத்தில் ஹேஸல் அம்மாளும் இருந்தார். சர்க்கார் வீட்டு வாடகைதாரரான ஒரு விதவை, தொலைக்காட்சிச் செய்தி ஒன்றைக் கேட்டுப் புறப்பட்டு, ஜனாதிபதியின் பேனா வரை போய்விட்டார்!

இதோடு கதை முடிந்தால் மகிழ்ச்சியாக இருக்கும். முடியவில்லை. 2025 ஜனவரி 21-ம் தேதி ஜனாதிபதி டிரம்ப் வேறொரு உத்தரவில் கையெழுத்திட்டு அந்த 1994 உத்தரவை ரத்து செய்தார். முப்பது வருஷத்து உத்தரவு ஒரு கையெழுத்தில் போயிற்று. அதைப் பார்க்க ஹேஸல் அம்மாள் இல்லை. 2011 ஜனவரி 12-ம் தேதி, 75-வது வயதில் அவர் காலமாகிவிட்டார்.

அப்படியானால் அவர் பட்ட பாடு வீணா?

வீணல்ல. இதோ காரணம். சிக்காகோவின் வடபகுதியில், வசதி படைத்தவர்கள் குடியிருக்கும் இடத்தில், பழைய இரும்பை நொறுக்கும் ஆலை ஒன்று இருந்தது. அதை அங்கிருந்து எடுத்துத் தென்கிழக்கே, கறுப்பின மக்களும் ஸ்பானிய மொழி பேசும் மக்களும் வாழும் பகுதிக்கு மாற்ற ஏற்பாடு நடந்தது. அந்தத் தூசி அங்கே ஆகாது, இங்கே ஆகுமா? 2021 பிப்ரவரியில் அப்பகுதி ஜனங்கள் உண்ணாவிரதம் தொடங்கினார்கள். ஒரு மாத அளவுக்கு நடந்தது. 2022 பிப்ரவரியில் நகரசபை நிர்வாகம் அனுமதி மறுத்தது. அதே ஆண்டில் அமெரிக்க வீட்டு வசதி இலாகா விசாரித்து, புகைத் தொழில்களை வெள்ளையர் பகுதியிலிருந்து மற்றவர் பகுதிக்குத் தள்ளுவது நகர நிர்வாகத்தின் வழக்கமாகவே இருந்திருக்கிறது என்று கண்டது. 2023 மே மாதம் நகர நிர்வாகம் நிலைமையைத் திருத்த ஒப்பந்தம் செய்துகொண்டது. இந்தப் போராட்டத்துக்கு ஹேஸல் அம்மாளின் சங்கமும் தோள் கொடுத்தது. அதை இப்போது நடத்துபவர் அவருடைய மகள் செரில் ஜான்ஸன்.

தோழர்களே! இதிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது என்ன?

மேலிருந்து வந்த உத்தரவை மேலிருப்பவர் ஒரே கையெழுத்தில் எடுத்துக்கொள்ளலாம். கீழே ஜனங்கள் கட்டிய சங்கத்தை அப்படி எடுத்துக்கொள்ள முடியாது. ஜனங்கள் கேட்டு வாங்கிய குடிதண்ணீர்க் குழாயை யாரும் தோண்டி எடுத்துப் போகவில்லை. தெருத்தெருவாக எடுத்த நோய்க் கணக்கை எந்த உத்தரவாலும் ரத்து செய்ய முடியாது. தாய் எடுத்த கணக்கை மகள் தொடர்கிறாள்.

ஒரு தெருவில் இருமல் அதிகமா? ஒரு சேரியில் கிணற்று நீர் நிறம் மாறியிருக்கிறதா? ஒரு கொட்டகையில் வேலை செய்தவர்கள் ஒரே நோயில் விழுகிறார்களா? அப்போது விதி என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போகாதீர்கள். யாருக்கு என்ன நோய், எந்த வருஷம், எந்த வேலை, எந்தத் தண்ணீர் என்று எழுதுங்கள். எழுத்துத் தெரியாதவர்கள் சொல்லுங்கள். பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் எழுதட்டும். பத்து வீட்டுக் கணக்குச் சேர்ந்தால் அது முறையீடு. நூறு வீட்டுக் கணக்குச் சேர்ந்தால் அது சாட்சி. அந்தச் சாட்சியை எடுத்துக்கொண்டு ஜனங்கள் ஒன்றாகப் போனால், கதவைச் சாத்திக்கொள்வது யாருக்கும் அவ்வளவு சுலபமல்ல.

ஏழு பிள்ளைகளின் தாய், படிப்பாளி என்ற பட்டம் இல்லாத ஒரு பெண், இதைச் செய்து காட்டினார். நம் ஊர்த் தாய்மார்களாலும் முடியும்.